பேக்கரிக் கதவில் ஒட்டாத அறிவித்தல்

எர்லன்வாங் ஜெர்மனியின் தெற்கில், டொனாவ் ஆற்றுக்குச் சற்றுத் தள்ளி, ஒரு மேட்டின்மேல் இருக்கிறது. நகரம் என்ற பட்டத்தை அதற்கு எப்போதோ ஒரு பிரபு கொடுத்தான். பட்டம் நிலைத்தது, நகரம் வளரவில்லை. உப்பு வண்டிகள் போன காலத்தில் கட்டிய வாசற்கோபுரம் ஒன்று மிச்சம். ரயில் பாதை வந்தபோது மேட்டில் ஏறாமல் பள்ளத்தாக்கோடு போய்விட்டது. இப்போது அங்கே ஒரு கத்தோலிக்கக் கோயில், ஒரு மதுக்கடை, ஒரு பேக்கரி, ஒரு மர ஆலை. சதுக்கத்து நினைவுக்கல்லில் இரண்டு போர்களிலும் செத்தவர்களின் பெயர்கள் வெட்டியிருக்கின்றன. அதே குடும்பப் பெயர்களை இன்றும் வீட்டுக் கதவு மணிகளில் வாசிக்கலாம்.

அந்தப் பெயர்களுக்குள் வராதவர்கள் கீழ்த்தெருவில் இருந்தார்கள். போருக்குப் பிறகு பொகேமியாவிலிருந்து துரத்தப்பட்டு வந்த ஜெர்மானியக் குடும்பங்கள் சில. அவற்றுக்கு நடுவே, 1986 முதல், மன்னாரிலிருந்து வந்த அல்பேர்ட்டின் குடும்பம்.

அல்பேர்ட் மர ஆலையில் பலகை அடுக்கினார். அவருடைய மனைவி மக்டலீன் முதியோர் இல்லத்தில் துப்புரவு வேலை செய்தார். மகள் கிறிஸ்ரினா மூன்று வயதில் வந்தவள், தமிழைவிட ஜெர்மன் முன்னுக்கு வரும்.

அல்பேர்ட்டைப் பற்றி ஊரில் யாரும் குறை சொன்னதில்லை. அதைப் பெரிய புகழ்ச்சியாக எடுக்கத் தேவையில்லை. அதிகம் பேசாத வெளிநாட்டுக்காரனைப் பற்றிக் குறை சொல்ல அங்கே எவருக்கும் அவசரமில்லை. ஆனால் அவரிடம் ஒரு பழக்கம் இருந்தது, அதை எல்லோரும் கவனித்தார்கள். கோயிலின் சின்ன மணி அடித்தால் யாரோ இறந்துவிட்டார் என்று அர்த்தம். அடித்தால் அல்பேர்ட் அந்தச் சவ அடக்கத்துக்குப் போவார். யாருடையதாக இருந்தாலும் போவார், பின்னால் நிற்பார், கடைசி ஆளாக ஒரு பிடி மண் போடுவார், வீட்டுக்கு வந்துவிடுவார்.

"செத்த மனிசியை நீங்கள் ஒரு நாளும் கண்டதே இல்லை," என்று மக்டலீன் ஒருமுறை சொன்னார்.

"கண்டால்தான் போகோணுமே? மணி அடிச்சதெல்லே."

"இந்தக் கறுத்தக் கோட்டுக்காகத்தான் போறியள். அதைப் போட உங்களுக்கு வேறை இடமில்லை."

"ஓம், வீணாய்க் கிடக்கிற கோட்டு," என்று சிரித்தபடி பொத்தான்களைப் பூட்டினார்.

1992 பெப்ரவரியில், ஆலை முற்றத்தில், அல்பேர்ட் ஒரு மரக்குற்றியில் இளைப்பாற உட்கார்ந்தார். எழும்பவில்லை. இதயம் என்றார்கள். நாற்பது வயதும் ஆகவில்லை. சின்ன மணி அடித்தது.

பிராங்பேர்ட்டிலிருந்து மக்டலீனின் அண்ணன் இன்னாசித்தம்பி அன்றே வந்து சேர்ந்தார். உடலை வீட்டுக்குக் கொண்டுவர விடவில்லை, அது கல்லறைத் தோட்டத்துக் குளிரறையில் இருந்தது. அடக்க ஒழுங்கு செய்கிறவர் வீட்டுக்கு வந்து, மரியாதையாகத் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு, சில கேள்விகள் கேட்டார். பெட்டி எப்படி, பூ எப்படி. கடைசியாக, பேக்கரிக் கதவில் அறிவித்தல் ஒட்ட வேண்டுமா என்று கேட்டார்.

இன்னாசித்தம்பி தங்கையிடம் தமிழில் சொன்னார். "கதவிலை நோட்டீஸ் ஒட்டட்டோ எண்டு கேக்கிறான். றேடியோவிலை சொல்லுறது, பேப்பரிலை போடுறது எல்லாம் தூரத்து ஆக்களுக்கு. பக்கத்து வீட்டுக்காரனுக்கும் ஒட்டுறதே? இதென்ன கலியாண வீடோ, அழைப்புக் காட் அடிக்க?"

"வேண்டாம் அண்ணை. மணி அடிச்சதுதானே. எல்லாருக்கும் தெரியும்."

வேண்டாம் என்று இன்னாசித்தம்பி ஜெர்மனில் சொன்னார். வந்தவர் தலையசைத்துக் குறித்துக்கொண்டார். அவருக்கும் அதில் வியப்பில்லை. வேண்டாம் என்கிற குடும்பங்களும் இருக்கத்தான் செய்தன.

அதற்குப் பிறகு இரண்டு நாள் மக்டலீன் வீட்டு வாசற்கதவைத் திறந்தே வைத்தார். செத்தவீட்டுக் கதவை அவருடைய ஊரில் மூடுவதில்லை. முற்றத்தில் பனி கிடந்தது. குளிர் உள்ளே வந்து சுவர்களில் ஏறியது. கதிரைகளைச் சுவரோடு சுவராகப் போட்டிருந்தார்கள். மடு மாதா படத்துக்கு முன்னால் மெழுகுதிரி எரிந்தது. அடுப்பு மூட்டவில்லை. செத்தவீட்டில் சமைப்பதில்லை, அயலார்தான் சாப்பாடு கொண்டுவருவார்கள். கிறிஸ்ரினா கோட்டுப் போட்டபடியே கதிரையில் இருந்து, கடதாசியில் சுற்றிய பாணைத் தின்றாள்.

வீதியால் போனவர்கள் திறந்த கதவைப் பார்த்தார்கள். உள்ளே பார்க்காமல் தலையைத் திருப்பிக்கொண்டு போனார்கள். எவரும் படி ஏறவில்லை.

அடக்கத்தன்று கல்லறைத் தோட்டத்தில் பாதிரியார் நின்றார். அவர் நாலைந்து ஊர்களுக்குப் பொதுவானவர், காரில் வந்தவர். கூலிக்குப் பெட்டி தூக்கியவர்கள் நின்றார்கள். மக்டலீன், மகள், அண்ணன், அண்ணனோடு வந்த இரண்டு நண்பர்கள். அல்பேர்ட்டோடு ஒரே அகதி முகாமில் இருந்தவர்கள் வேறு மாவட்டங்களில் இருந்தார்கள். அகதி வழக்கு முடியாதவர்கள் அனுமதி இல்லாமல் தங்கள் மாவட்டத்தைத் தாண்ட முடியாது. அனுமதி வருவதற்குள் மண் மூடிவிடும்.

மக்டலீன் வாயிலைத் திரும்பித் திரும்பிப் பார்த்தார்.

"வருவினம், பொறு," என்றார் இன்னாசித்தம்பி.

"ஆர் அண்ணை வருவினம்? மணி அடிச்சு எத்தினை நாள்?"

பாதிரியாரும் கொஞ்சம் காத்திருந்தார், பிறகு தொடங்கினார். இந்த ஊரில் எல்லாப் பெட்டிகளுக்கும் பின்னால் நடந்த மனிதரின் பெட்டிக்குப் பின்னால் இந்த ஊரில் ஒருவரும் நடக்கவில்லை.

அதன் பிறகு மக்டலீன் எர்லன்வாங்கில் ஆறு வருடம் வாழ்ந்தார். வாழ்ந்தார் என்பதைவிட இருந்தார் என்று எழுதுவதே பொருத்தம். ஞாயிறுகளில் பஸ் எடுத்துப் பக்கத்து ஊர்க் கோயிலுக்குப் போனார். வீதியில் வணக்கம் சொன்னவர்களுக்குப் பதில் சொல்லவில்லை. முதலில் அவர்கள் திகைத்தார்கள், பிறகு சொல்வதை விட்டுவிட்டார்கள். வீட்டில் அந்த நாளைப் பற்றிப் பேச்சு எடுப்பதில்லை. கிறிஸ்ரினா ஒருமுறை அப்பாவின் கறுத்தக் கோட்டைப் பற்றி ஏதோ கேட்டபோது எழும்பிப் போய்விட்டார்.

"பிராங்பேர்ட்டுக்கு வந்து இரு," என்று அண்ணன் தொலைபேசியில் சொல்லும்போதெல்லாம் ஒரே பதில்தான்.

"அவரை இந்தச் சனத்தோடை தனிய விட்டிட்டு எப்பிடி அண்ணை வாறது?"

போனால் அல்பேர்ட் தனித்துவிடுவார், இருந்தால் அவரைத் தனியாக விட்டவர்களின் முகத்தில் தினமும் விழிக்க வேண்டும். கடைசியில் முதலாவதே தாங்கக்கூடியது என்று மக்டலீன் முடிவு செய்தார். 1998இல் மகளுக்குப் பள்ளிக்கூடம் முடிகிறது. முடிந்ததும் இருவரும் பிராங்பேர்ட் போவது என்று பேசினார்கள்.

அந்த மார்ச்சில் சின்ன மணி அடித்தது. பக்கத்து வீட்டு முதியவர் கிரம்லிங். மறுநாள் பகலில் அவருடைய மனைவி சென்ட்டா மக்டலீனின் கதவைத் தட்டினார். பொகேமியாவிலிருந்து சிறுமியாக வந்தவர், பருத்த உடம்பு, எப்போதும் நீல ஏப்ரன். இத்தனை வருடத்தில் அவர் அந்தக் கதவைத் தட்டியது அதுவே முதல் தடவை.

"என் மனுசன் போயிட்டார்," என்றார் ஜெர்மனில்.

"மணி கேட்டது."

"பேக்கரியில ஒட்டியிருக்கு. ஆனா நீங்க அந்தப் பக்கம் பாக்கிறதில்லையே, அதான் நேர வந்தேன். வெள்ளிக்கிழமை. வாங்க. உங்களுக்கு உங்க வீட்டு அடக்கத்துக்கு யாரும் வேண்டாம்னு இருந்தது, அது உங்க விருப்பம், நாங்க மதிச்சோம். எனக்கு ஆட்கள் வேணும். அவரும் ஆட்கள் நடுவில இருந்து பழகினவர்."

மக்டலீனுக்கு ஜெர்மன் நன்றாகவே விளங்கும். இருந்தும் இரண்டாவது தடவை சொல்லச் சொன்னார்.

சென்ட்டா சொன்னார். கதவில் ஒட்டாவிட்டால் நெருங்கிய குடும்பத்துக்கு மட்டும் என்று அர்த்தம். அப்போது போய் நிற்பது வீட்டுக்காரரை அவமதிப்பது. ஆலைத் தொழிலாளர்கள் அல்பேர்ட்டுக்கு மலர்வளையம் வாங்கிவிட்டு, கொண்டுவரலாமா கூடாதா என்று மதுக்கடையில் வாதாடினார்கள். கடைசியில் அதை ஆலைச் சுவரிலேயே மாட்டிவைத்தார்கள்.

"கதவைத் திறந்து வைச்சனான்," என்றார் மக்டலீன். தமிழில் சொன்னதை உணர்ந்து ஜெர்மனில் திருப்பிச் சொன்னார்.

"பாத்தேன். வீட்டுக்குக் காத்துப் போகட்டும்னு விட்டிருக்கீங்கன்னு நினைச்சேன்."

"அல்பேர்ட் எல்லா வீட்டுக்கும் போனவர்."

"ஒட்டாத அடக்கத்துக்கும் வந்து நிப்பார்." சென்ட்டா கையிலிருந்த துணியைப் பிசைந்தார். "சில பேருக்குப் பிடிக்கல. ஊர் வழக்கம் தெரியாதவர்னு விட்டுட்டாங்க."

"ஒருத்தரும் அவருக்குச் சொல்லேல்லை."

"சொல்லல. நாங்க வந்தப்ப எங்களுக்கும் யாரும் எதையும் சொல்லல."

சென்ட்டா போன பிறகு மக்டலீன் சமையலறையில் நின்றார். வெறுப்பு இல்லை, மரியாதையாம். ஆறு வருடம் சுமந்ததை இறக்கி வைக்கலாம் போலத் தோன்றியது. ஆனால் இறக்கியதும் வேறொன்று தெரிந்தது. ஒரு தட்டல், ஒரு கேள்வி போதுமாயிருந்தது. அதைச் செய்ய ஊர் முழுக்க ஒருவரும் இல்லை, மக்டலீனும் இல்லை. கேட்டிருந்தால் தீர்ந்திருக்கும் ஒன்றை யாரும் கேட்காமலே விட்டால், அதை வெறும் தவறான புரிதல் என்று சொல்லி முடித்துவிட முடியுமா என்பது இதை எழுதும் எனக்கு இன்றும் தெளிவில்லை.

மாலையில் கிறிஸ்ரினா வந்ததும் மக்டலீன் நடந்ததைச் சொன்னார். மகள் சப்பாத்தைக் கழற்றியபடியே கேட்டாள். முகம் மாறவில்லை.

"தெரியும்."

"என்ன தெரியும்?"

"நீங்கள் ஒருத்தரும் வேண்டாம் எண்டு சொன்னது. அப்பவே பள்ளிக்கூடத்திலை சொன்னவை. எனக்குப் பக்கத்திலை இருந்த பெட்டை கேட்டவள், உன்ரை அம்மா ஏன் எங்களை விடேல்லை எண்டு."

"நான் அப்பிடிச் சொல்லேல்லை, பிள்ளை."

"மாமா சொன்னவர். நான் கதிரையிலை இருந்தனான், கேட்டனான். வேண்டாம் எண்டு ஜெர்மனிலை சொன்னவர்."

"இவ்வளவு நாளும் நீ என்ன நினைச்சனீ? அப்பாவுக்கு ஆக்கள் வாறது எனக்கு விருப்பமில்லை எண்டோ?"

கிறிஸ்ரினா சப்பாத்துகளைச் சுவரோரம் நேராக வைத்தாள். "ஓம்."

"என்னட்டை ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமே."

"கேட்டால் எழும்பிப் போவியள்."

மக்டலீன் மகளின் தோளைத் தொடப் போனார். மகள் விலகவில்லை, நெருங்கவும் இல்லை.

வெள்ளிக்கிழமை மக்டலீன் தனியாகவே போனார், அல்பேர்ட் நிற்கும் இடத்தில் பின்னால் நின்றார். ஊர் முழுவதும் வந்திருந்தது. மண் போட்டு முடிந்ததும், ஆலையில் முன்பு வேலை செய்த ஒரு கிழவர் தீர்த்தச் சட்டியை எடுத்துக்கொண்டு இரண்டு வரிசை தள்ளி நடந்து, அல்பேர்ட்டின் கல்லறையில் தெளித்தார். சிலர் அவருக்குப் பின்னால் போனார்கள். சிலுவை போட்டுக்கொண்டார்கள். அதிக நேரம் எடுக்கவில்லை. பிறகு எல்லோரும் கோப்பி குடிக்க மதுக்கடைக்குப் போனார்கள். மக்டலீனையும் கூப்பிட்டார்கள். அவர் போகவில்லை.

பிராங்பேர்ட் போகும் யோசனை அந்த வசந்தத்தில் கலைந்தது. ஊரை வெறுக்கக் காரணம் போய்விட்டது, அல்பேர்ட்டைப் பிரியவும் காரணமில்லை. மக்டலீன் தங்கினார். போனவள் கிறிஸ்ரினா. மாமா வீட்டில் இருந்து பல் வைத்தியரிடம் அவுஸ்பில்டுங் என்கிற தொழிற்பயிற்சி செய்கிறேன் என்று, பள்ளிக்கூடம் முடிந்த கோடையில் போய்விட்டாள். பஸ் நிறுத்தத்தில் தாயை அணைத்தாள். இனி ஞாயிறுகளில் போன் எடுக்கிறேன் என்றாள். எடுத்தாள், எல்லா ஞாயிறும் அல்ல.

இப்போது சின்ன மணி அடித்தால் மக்டலீன் பேக்கரிக் கதவுக்குப் போய்ப் பார்க்கிறார். அறிவித்தல் இருந்தால் அடக்கத்துக்குப் போகிறார். இல்லாவிட்டால் பாண் வாங்கிக்கொண்டு வீட்டுக்குத் திரும்பிக் கதவைச் சாத்துகிறார். ஊர் வழக்கம் அவருக்குப் பழகிவிட்டது. அல்பேர்ட்டுக்கு அது கடைசிவரை பழகவில்லை. கறுத்தக் கோட்டு அலுமாரியில் தொங்குகிறது.