சரிவில் நின்ற கார்

எங்கள் கார் எப்போதும் மூக்கைப் பள்ளத்துக்கு நீட்டிக்கொண்டுதான் நிற்கும். நெல்லிவாசல்நாட்டில் எங்கள் வீட்டின் முன்னால் சமமான இடம் என்று எதுவும் கிடையாது. பாட்டரியும் பலவீனம். பிரேக்கை விட்டால் வண்டி தானாக உருள வேண்டும், கியர் போட்டதும் இன்ஜின் பிடித்துக்கொள்ள வேண்டும். மலையில் வண்டி வைத்திருந்த எல்லோரும் அப்படித்தான் நிறுத்தினார்கள்.

அப்பா புளி வாங்கி ஆலங்காயத்துக்குக் கொண்டுபோய் விற்பவர். கார் எங்களிடம் வரும்போதே கிழடு. சின்ன உடம்பு, பெரிய புகை. காலையில் அவருடைய வரிசை மாறாது: ரேடியேட்டருக்குத் தண்ணீர், டயருக்கு ஓர் உதை, பிறகு ஆயில். ஆயில் அளவு காட்டும் கம்பியை உருவித் துணியில் துடைப்பார். மறுபடி உள்ளே விட்டு எடுத்து வெளிச்சத்தில் பிடிப்பார். மேல் கோட்டுக்குக் குறைந்திருந்தால் கொஞ்சம் ஊற்றுவார். தேய்ந்த இன்ஜினுக்குக் கெட்டியான ஆயில்தான் சரி என்பது அவர் கட்சி. நாற்பதாம் நம்பர் தவிர வேறு வாங்க மாட்டார். பனிக்காலத்துக்கு முப்பது போதும் என்று ஆலங்காயம் கடைக்காரர் சொல்லிச் சொல்லி ஓய்ந்துவிட்டார்.

அந்த வருடம் அத்தை பிரசவத்துக்காக எங்கள் வீட்டுக்கு வந்திருந்தாள். அப்பாவின் ஒரே தங்கை. வாசற்படியில் உட்கார்ந்து, அவர் காரின் கம்பியை வெளிச்சத்தில் பிடிக்கும்போதெல்லாம் சீண்டுவதே அவளுக்கு வேலை.

"இன்னாண்ணா, உன் மூத்த புள்ளைக்கு இன்னிக்கு ஜொரம் எவ்ளோ?"

"சிரி, சிரி. உன்ன ஆஸ்பத்திரிக்கு இட்டுனு போவப் போறது அவன்தான்."

வலி ஒரு காலையில் வந்தது. பிள்ளை குறுக்கே கிடக்கிறது, இங்கே வைத்துக்கொள்ளாதீர்கள் என்று மருத்துவச்சி சொல்லிவிட்டாள். அந்த அவசரத்திலும் அப்பா ஆயில் பார்த்தார். மேல் கோட்டில் நின்றது. பின்சீட்டில் அம்மாவின் மடியில் அத்தை. முன்னால் நான்.

ஆலங்காயம் இறங்குவதற்கு முன்னால் ஒரு நீண்ட ஏற்றம் உண்டு. புளி மூட்டையோடு போகும்போது அப்பா நடுவில் நிறுத்தி இன்ஜினை ஆறவிடுவார். அன்று நிறுத்தவில்லை. பாதி ஏறியதும் முன்பலகையில் சிவப்பு விளக்கு எரிந்தது.

"இன்னாங்க அது, செவப்பா எரியுது?" என்றாள் அம்மா.

"ஏத்தத்துல எப்பவும் மினுக்கும். வயர் கோளாறு. ஆயில் பாத்துட்டுதானே எடுத்தேன்."

விளக்கு அணையவில்லை. இன்ஜினுக்குள் யாரோ சுத்தியால் தட்டுவதுபோல் ஒரு சத்தம் எழுந்து வளர்ந்தது. பிறகு ஒரு குலுக்கல், அதோடு எல்லாம் நின்றது. அப்பா இறங்கி, மூடியைத் திறந்து, ஒன்றும் செய்யாமல் நின்றார். அத்தை பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டாள்: "உன் புள்ளைக்கு ஜொரமாண்ணா?"

சாமைக் கொல்லையில் இருந்தவர்கள் ஓடிவந்தார்கள். கம்பளியை மூங்கிலில் கட்டி, அதில் அவளைத் தூக்கிக்கொண்டு இறங்கினார்கள். ஆலங்காயம் கண்ணுக்குத் தெரிவதற்கு முன்பே மூங்கிலை இறக்கிவிட்டார்கள். பிள்ளை வெளியே வரவேயில்லை.

காரியம் முடிந்ததும் அப்பா மிச்ச ஆயில் டின்னைக் கடைக்காரர் முன் வீசினார்.

"கலப்படம் பண்ணி ரெண்டு உசுர எடுத்துட்டியேடா!"

"என் பொண்ணு மேல சத்தியமா சுத்தமான ஆயிலுங்க" என்றார் அவர். யாரும் நம்பவில்லை. அந்தக் கடையைத் தாண்டும்போதெல்லாம் நானும் முகத்தைத் திருப்பிக்கொள்ளப் பழகினேன்.

பல வருடம் கழித்து, பாலிடெக்னிக்கில் இன்ஜின் வகுப்பு. ஆயில் அளவு பார்க்கும் முறையில் முதல் வரி: வண்டியைச் சமதளத்தில் நிறுத்து. முன்பக்கம் சாய்ந்து நின்றால் ஆயில் முன்னால் திரண்டு கம்பியில் கூடுதலாக ஏறும். இருப்பது கொஞ்சமாக இருந்தாலும் நிறைவாகக் காட்டும். ஏற்றத்தில் அதே ஆயில் பின்னால் ஓடிவிடும். பம்பு ஆயிலுக்குப் பதில் காற்றை உறிஞ்சும். சிவப்பு விளக்கு எரியும், இன்ஜின் இறுகி நின்றுவிடும். மற்றவர்கள் அடுத்த வரிக்குப் போய்விட்டார்கள். என்னால் முடியவில்லை.

ஆனால் அத்தை இறந்த அந்த வருடமே, வாணியம்பாடியில் இன்ஜினைப் பிரித்துச் செப்பனிட்டு அப்பா காரை மறுபடி மலைக்குக் கொண்டுவந்திருந்தார். ஆயிலை வேறு கடையில் வாங்கினார். காலையில் ஒருமுறைக்கு இருமுறை கம்பியைத் துடைத்தார், இருமுறை வெளிச்சத்தில் பிடித்தார். கார் அதே சரிவில், மூக்கைப் பள்ளத்துக்கு நீட்டியபடி நின்றது. அப்போது சிறுவனாகத் துணியை ஏந்திக்கொண்டு பக்கத்தில் நின்ற நான், இவ்வளவு கவனமான அப்பா இருக்கும்போது இனி எங்கள் யாருக்கும் ஒன்றும் ஆகாது என்று நினைத்துக்கொண்டேன்.