நித்தியானந்தன் எடுத்த சீட்டாட்டப் படம்

நித்தியானந்தனுக்குப் படம் எடுக்கிற கிறுக்கு. யாழ்ப்பாணத்தில் கலியாண வீடுகளில் கமெரா தூக்கித் திரிந்தவர், சுவிஸின் ஷாஃப்ஹவுசன் நகரில் ஓர் உணவகத்தில் கோப்பை கழுவினார். எண்பத்தாறாம் ஆண்டு. அகதி விண்ணப்பத்துக்கு இன்னும் முடிவு வரவில்லை. இந்த நேரத்தில் ஒரு மனிதன் வாலைச் சுருட்டிக்கொண்டு இருக்க வேண்டாமா? இவரோ ஆவணப்படம் எடுக்கக் கிளம்பினார்.

படத்தின் நாயகன் கூட வேலை செய்த வெர்னர். சம்பளம் அவனுக்குக் கைச்செலவு. பிழைப்பு இருபத்தொன்று என்ற சீட்டாட்டம். விழுந்த சீட்டுகளை மனதில் கணக்குவைத்து, பெரிய சீட்டுகள் மிச்சமிருக்கும் நேரம் பார்த்துப் பந்தயத்தைக் கூட்டுவான். ஒரு மதுச்சாலையின் பின்னறையில், பொலிசுக்குத் தெரியாமல் நடக்கும் ஆட்டம். "உள்ளே என்னைத் தெரியாத மாதிரி இரு" என்ற ஒரே நிபந்தனையோடு சம்மதித்தான்.

மனைவி ஜெயமலர் தலையில் அடித்துக்கொண்டாள். "உங்களுக்கென்ன விசரே? பிடிபட்டால் எங்களைக் கொழும்புக்கு ஏத்திவிடுவாங்களப்பா!"

"ஒண்டும் நடக்காது. போயிட்டு வாறன்."

சொல்லிவிட்டு, பயணப் பையில் துளை போட உட்கார்ந்தார்.

ஞாயிறு பிற்பகல். துளையிட்ட பயணப் பைக்குள் இரவல் வீடியோ கமெரா ஓட, வெர்னருக்குப் பின்னால் வேடிக்கை பார்ப்பவர்களோடு நின்றார். யாராவது திரும்பினாலே சுவரைப் பார்த்தார். ஆனாலும் முந்நூற்றிநாலு என்ற சீட்டாட்டம் ஆடும் ஊரில் வளர்ந்தவர் அல்லவா? அங்கே ஆடுகிறவன் முதுகுக்குப் பின்னால் நிற்பவனுக்கும் ஆட்டத்தில் பங்கு உண்டு. சீட்டுப் பிழைத்தால் முதலில் உச்சுக்கொட்டுவது அவன்தான். வெர்னர் இன்னொரு சீட்டுக்குக் கையை நீட்டினான். நித்தியானந்தனின் நாக்கு தன்பாட்டில் "ச்சொ!" என்றது. வெர்னர் தயங்கிக் கையை இழுத்துக்கொண்டான். அந்தச் சுற்று அவனுக்கே விழுந்தது.

சீட்டுப் பிரித்துப் போட்டவன் எழுந்துபோய்க் கதவைப் பூட்டினான். ஆள் வைத்துச் சைகை வாங்குகிறாயா என்று வெர்னரின் சட்டையைப் பிடித்தான். பிறகு நித்தியானந்தனிடம் திரும்பினான்.

"இவனை உனக்குத் தெரியுமா?"

தெரியும், நான் படம் எடுக்க வந்தவன், சைகை ஒன்றுமில்லை என்று சொன்னால் வெர்னர் தப்பக்கூடும். ஆனால் பையைத் திறப்பார்கள், பொலிஸ் வரும், பிறகு விமானம்தான்.

"நைன்" என்றார், தெரியாது என்று தலையையும் ஆட்டி.

அவரை மட்டும் வெளியே தள்ளிக் கதவைச் சாத்தினார்கள். உள்ளே கதிரை விழும் சத்தம் கேட்டது. ஓட்டமும் நடையுமாக வீடு சேர்ந்தார். தெரியாத மாதிரி இருக்கச் சொன்னவன் அவன்தானே என்று வழிநெடுகச் சொல்லிக்கொண்டார். மனம் கேட்கவில்லை.

வந்ததும் கமெராவைத் தொலைக்காட்சியோடு பொருத்தினார். படத்தில் வெர்னரின் தோளும் மேசை விளிம்பும்தான். சத்தம் மட்டும் தெளிவாக இருந்தது. டொச்சு மொழி வகுப்புக்குப் போகும் ஜெயமலருக்கு அந்தக் கேள்வி விளங்கியது. பதில் சொன்ன குரலும் தெரிந்தது.

பதிவிலும் கதிரை விழுந்தது. அதன்பிறகு, அவர் மூச்சிரைக்க ஓடும் சத்தம் மட்டும் நெடுநேரம் வந்தது.

"அந்தாளை விட்டிட்டோ வந்தனீங்கள்?" என்று ஜெயமலர் கேட்டாள்.