அல்ப்ஸுக்கு அந்தப் பக்கம்

தம்பி அனுப்பிய கடைசிப் படம் என் கைத்தொலைபேசியில் இன்னும் இருக்கிறது. வெள்ளையாய் ஒரு மலை, அதன் அடியில் நாலைந்து வீட்டுக் கூரைகள், படத்தின் ஓரத்தில் மங்கலாக அவனுடைய விரல். கூடவே ஒரு குரல் பதிவு. "அக்கா, ஏஜென்சிக்காரன் எங்களை இத்தாலியிலை இறக்கிப்போட்டுப் போட்டான். மலையைத் தாண்டினால் பிரான்ஸாம். இது என்ன மலை அக்கா? நீங்கள்தானே உதெல்லாம் படிப்பிக்கிறனீங்கள்."

உண்மைதான். பண்டத்தரிப்பில் பிள்ளைகளுக்குப் புவியியல் படிப்பித்தே எனக்குத் தலை நரைத்துவிட்டது. அந்தீஸ் தென்னமெரிக்காவின் மேற்குக் கரையோரம், றொக்கி வட அமெரிக்காவில், யூரல் ஆசியாவையும் ஐரோப்பாவையும் பிரிப்பது, அட்லஸ் ஆபிரிக்காவின் வடமேற்கு மூலையில். நித்திரையில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவேன். ஆனால் ஒரு மலையிலும் நான் கால் வைத்ததில்லை. எங்கள் பக்கத்தில் பெயரில் மலையை வைத்திருக்கும் கீரிமலையில்கூடக் கேணியில் இறங்கிக் குளிக்கலாமே தவிர, ஏற ஒன்றும் கிடையாது. இந்த மண்ணில் கண்ணுக்குத் தெரிகிற எதுவும் நடந்து போகிற தூரம்தான்.

அது அல்ப்ஸ் என்று உடனே சொன்னேன். பெருமையாகவே சொன்னேன். எவ்வளவு தூரம் என்று கேட்டான். அவன் சொன்ன ஊரைத் தேசப்படத்தில் தேடிப்பிடித்து, அடிமட்டத்தை வைத்து அளந்தேன். எல்லைக்கு அந்தப் பக்கத்து ஊருக்கு நூலளவு இடைவெளிதான் இருந்தது.

"எங்கடை வீட்டிலையிருந்து கொக்குவில் போற தூரம்தான்டா."

"அப்ப மூண்டு மணித்தியாலத்திலை நடந்திடலாம், என்ன?"

"ஓம்" என்றேன்.

பழுப்பு நிறம் உயரத்தைக் குறிக்கும் என்று வகுப்பில் ஆயிரம் தரம் சொன்னவள், அன்று அந்தப் பழுப்பின் மேலேயே அடிமட்டத்தைப் போட்டு, வயல்வெளியை அளக்கிற மாதிரி அளந்துவிட்டேன். பனி என் நினைவுக்கே வரவில்லை. காலில் என்ன போட்டிருக்கிறாய் என்றுகூடக் கேட்கவில்லை. தூரத்தைச் சொன்னது நான்தான் என்று இன்றுவரை யாரிடமும் சொல்ல எனக்குத் துணிவில்லை.

இரண்டு மாரி போய்விட்டது. நான் அனுப்புகிற செய்திகள் ஒன்றும் அவனைப் போய்ச் சேருவதில்லை. கூடப் போன பெடியன் பிரான்ஸிலிருந்து ஒருமுறை கதைத்தான். பாதி ஏறியதும் தம்பிக்குக் கால் விறைத்துவிட்டதாம், "நீங்கள் போங்கோ, நான் வாறன்" என்று ஒரு கல்லில் இருந்தானாம். காணாமற்போனவர்களைத் தேடுகிற அலுவலகத்துக்குப் படிவம் அனுப்பினோம். சரியாக எந்த இடம் என்று கேட்டுப் பதில் வந்தது. அந்தப் பெடியனுக்கும் தெரியவில்லை, எனக்கும் தெரியவில்லை.

போன கிழமை நான் தேசப்படத்தை விரித்து வினாத்தாள் எழுதிக்கொண்டிருக்கையில், அம்மா பக்கத்தில் வந்து இருந்தார். "அவன் நிக்கிற இடத்தை ஒருக்காக் காட்டு பிள்ளை."

அந்த இரண்டு ஊருக்கும் நடுவில் உத்தேசமாக விரல் வைத்துக் காட்டினேன். அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, குனிந்து, கனநேரம் பார்த்தார்.

"இவ்வளவு சின்ன இடத்திலையோ பிள்ளை, ஒருத்தராலையும் அவனைத் தேடிப் பிடிக்க ஏலாமல் கிடக்கு?"