சியாகுல்லியிலை பண்டி வெட்டின நாள்

இத்தாலியிலை, சியாகுல்லித் தோட்டத்திலை மண்டரின் பழம் ஆயப் போற எங்களை, மாசிக் குளிரிலை முதலாளி பண்டி வெட்டுக்கும் கூப்பிடுவார். வீட்டிலை வளத்த பண்டியை வெட்டி வருசத்துக்குரிய இறைச்சியை உப்புப் போட்டு வைக்கிறது இஞ்சத்தைச் சனத்தின்ரை வழக்கம். அந்த முறை என்ரை மனுசனைப் பின்னங்காலைப் பிடிக்கச் சொல்லிச்சினம். எனக்குக் கொதிதண்ணி அலுவல். பண்டியின்ரை மயிர் சுரண்ட அது வேணுமெல்லோ.

மனுசன் ஊரிலை கோயில் வேள்வி பாத்து வளந்தவர். அங்கை கிடாய்க்கு ஒரே வெட்டு, அதோடை சரி. இஞ்சை கழுத்திலை கத்தியை ஏத்தி, ரத்தம் முழுக்க வடியுமட்டும் எல்லாரும் அமத்திப் பிடிக்க வேணும். அதை ஒருத்தரும் அவருக்குச் சொல்லேல்லை. கத்தி இறங்கினதும் அலுவல் முடிஞ்சுதெண்டு காலை விட்டிட்டார்.

ஐயோ, அந்தக் கத்தல்! பண்டி உதறி எழும்ப, கத்தி முதலாளியின்ரை தொடையிலை ஏறீட்டுது. பண்டி ரத்தத்தைப் பீச்சிக்கொண்டு மரங்களுக்கிடையிலை ஓடி விழுந்துது. முதலாளி தொடையைப் பொத்திக்கொண்டு சேத்திலை கிடந்தார். மற்றவை அவரின்ரை காலைக் கட்ட ஓடிச்சினம்.

முதலாளியின்ரை மகன் ஒரு எருமை. வேணுமெண்டுதான் விட்டவன் எண்டு கத்திக்கொண்டு மனுசனுக்கு முகத்திலை குத்தினான். விழுந்தவரை நெஞ்சிலை மிதிச்சான். இவர் "ஸ்கூசி, ஸ்கூசி" எண்டு மன்னிப்புக் கேட்டுக் கெஞ்சுறார், வாயெல்லாம் ரத்தம். அவன் விசர் பிடிச்சவன் மாதிரிக் கீழை கிடந்த கத்தியை எடுத்தான்.

நான் கொதிதண்ணி வாளியோடை நடுவிலை பாய்ஞ்சன். "ஓரடி வைச்சுப் பாரடா!" எண்டு தமிழிலைதான் கத்தினன். இத்தாலியன் வாயிலை வரேல்லை. ஆவி பறக்கிற வாளியைப் பாத்து அவன் அப்பிடியே நிண்டிட்டான்.

"கத்தியைப் போடடா கழுதை! நாங்களெல்லோ அவனுக்குச் சொல்லிக் குடுக்கேல்லை" எண்டு கீழை கிடந்த முதலாளி மகனைப் பேசினார். அதுக்குப் பிறகுதான் கத்தி விழுந்துது. முதலாளியை ஆசுப்பத்திரிக்குக் கொண்டு ஓடிச்சினம். தையலோடை தப்பிட்டார்.

நாங்கள் குடியிருக்கிற சீசாவுக்குத் திரும்பி வாற பஸ்ஸிலை மனுசன் வீங்கின வாயாலை கேட்டார்: "உண்மையா ஊத்தியிருப்பியோ?"

"ஓம். அவன்ரை முகத்திலைதான்."

திரும்பி என்னைப் பாத்தார். பிறகு யன்னல் பக்கமாத் தள்ளி இருந்தார். ஆரைக் காப்பாத்த வாளியைத் தூக்கினனோ, அந்த மனுசனே எனக்குப் பயந்திட்டார்.