மாமியின் பசுவும் என் பகலும்

விளையாட்டுக் கருவி வாங்குகிறவர்கள் முதல் வாரம் மட்டும்தான் விளையாடுவார்கள். அதன் பிறகு அடுக்கிக்கொண்டே இருப்பார்கள், அடுக்கத் தெரியாதவர்கள் என்னிடம் வருவார்கள்.

கையில் பிடித்து ஆடுகிற சின்னக் கருவியைச் சொல்கிறேன். நடுவில் திரை, இரண்டு பக்கமும் பொத்தான். பழைய விளையாட்டுகள் எல்லாம் ஒரு மெமரி கார்டில் மூட்டையாக வரும். கார் பந்தயத்துக்குப் பக்கத்தில் சதுரங்கம், அதற்குப் பக்கத்தில் பெயரே வாசிக்க முடியாத ஏதோ ஒன்று. உங்கள் வீட்டு மேஜை டிராயரிலும் ஒன்று கிடக்கலாம். எதை ஆடுவது என்று பட்டியலை மேலும் கீழும் உருட்டி, உருட்டியதிலேயே சார்ஜ் தீர்ந்து, உள்ளே போட்டு மூடியிருப்பீர்கள். வெட்கப்பட வேண்டாம். நாமெல்லாம் ஒரே வார்டில் கிடக்கிறவர்கள்தான்.

நான் பதினாலு வருஷமாகத் தம்பானூர் பக்கம் ஒரு லாட்ஜில் இரவு ரிசப்ஷன். ஊரெல்லாம் தூங்கும்போது விழித்திருப்பவனுக்கு இரண்டு வழிதான் உண்டு. ஒன்று பழசையெல்லாம் நினைத்துக்கொண்டிருக்கலாம், இல்லையென்றால் ஏதாவது ஒரு இயந்திரத்தைத் திறந்து பார்க்கலாம். முதல் வழியில் பல வருஷம் போய்ப் பார்த்துவிட்டு இரண்டாவதுக்கு வந்தேன். யாரும் சொல்லித் தரவில்லை. கெடுத்துக் கெடுத்துக் கற்றுக்கொண்டது.

மாலை நாலு மணியிலிருந்து ஏழரை வரை பழவங்காடியில் சஜியின் மொபைல் கடையில் ஒரு ஓரத்தில் உட்கார்ந்து இந்த வேலையைச் செய்கிறேன். கடையில் பகல் பார்க்கிற ஆள் கல்ஃபுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தான். அந்த நாற்காலியை எனக்குத் தருவாயா என்று சஜியிடம் கேட்டேன். மனிதர்கள் தூங்குகிற நேரத்தில் நானும் ஒருமுறை தூங்கிப் பார்க்க வேண்டும், அவ்வளவுதான் ஆசை. சஜி என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டுச் சொன்னான்: "ஒரு மாசம் நோக்காம் அண்ணாச்சி. அதுக்குள்ள ஒரு பராதி வந்தா, பகல் இல்ல."

சஜி மலையாளி. நோக்காம் என்றால் பார்க்கலாம், பராதி என்றால் புகார். அந்த ஒரு மாசத்தின் கதைதான் இது.

பத்தாயிரம்

கிழக்கேகோட்டையில் பாத்திரக்கடை வைத்திருக்கிறவர் ஒருவர் வந்தார். பெட்டியின் மேலேயே 'பத்தாயிரம் விளையாட்டு' என்று பெரிதாகப் போட்டிருந்தது. திறந்து பார்த்தால் ஒரே கால்பந்து நாற்பத்தொரு தடவை இருக்கிறது. சட்டையின் நிறம்கூட மாறவில்லை. இரண்டு நாள் உட்கார்ந்து ஒன்று போல் இருந்ததையெல்லாம் கழித்து, அறுநூற்றுச் சொச்சமாக அழகாக அடுக்கிக் கொடுத்தேன்.

மனிதர் முகம் சுண்டிவிட்டது. "மீதி எங்கே?" என்றார். மீதியும் இதேதான் என்று விளக்கினேன். எங்கே பராதி ஆகிவிடுமோ என்று அவர் கண்முன்னாலேயே நாற்பது கால்பந்தையும், கழித்த மற்றதையும் திரும்ப உள்ளே போட்டேன். போகும்போது சமாதானமாகச் சொன்னார்: "ஆடுறதுக்கு எனக்கு ஒண்ணு போதும் அண்ணாச்சி, பத்தாயிரம் இருக்குன்னு மச்சான்கிட்ட சொல்லியாச்சு."

மேலிடம்

அடுத்தவர் அரசாங்க அலுவலகத்தில் செக்‌ஷன் ஆபீசர். நாஞ்சில் நாட்டுக்காரர். விளையாட்டுகளை எப்படி அடுக்க வேண்டும் என்று ஒரு தாளில் தலைப்புப் போட்டே கொண்டுவந்திருந்தார். நடப்பு, நிலுவை, முடிந்தது, பார்வைக்கு. வாகனம், சண்டை, புதிர் என்று பிரிக்கலாமே என்றேன். "அது எப்படிவே சரியாகும்? ஃபைல் எந்த நிலையில இருக்குன்னுல்லா தெரியணும்?" என்றார்.

அப்படியே செய்து கொடுத்தேன். பத்து நாள் கழித்து வந்து, ஐந்தாவதாக ஒரு தலைப்பும் வேண்டும் என்றார். 'மேலிடத்துக்கு'. நிலுவையில் ஒரு விளையாட்டு மூன்றாவது கட்டத்தைத் தாண்டாமல் நிற்கிறதாம். மேலிடம் யார் என்று கேட்டேன். ஐந்தாம் வகுப்பு படிக்கிற மகள். "அவ ஒப்புதல் குடுத்தாத்தான் நாலாவது கட்டம் திறக்கும். நாம அனுப்பிட்டுக் காத்திருக்க வேண்டியதுதான்வே."

களவு

தென்காசிப் பக்கத்துக்காரர் மாரி, ஓட்டலில் புரோட்டா மாஸ்டர். ஐந்து பேர் தங்குகிற அறையில் ஒரே ஒரு கருவி. இவர் இவ்வளவு தூரம் ஏறின குத்துச்சண்டையை மற்றவர்கள் தொட்டுத் தோற்றுவிடுகிறார்களாம். "பயலுவ கண்ணுல படாம அடியில எங்கயாச்சும் ஒளிச்சு வைங்க அண்ணாச்சி" என்றார். ஒளித்து வைத்தேன்.

மறுநாள் அதே கருவியோடு அதே அறையிலிருந்து இன்னொருவர் வந்தார். அவருக்கு மீன்பிடி விளையாட்டை ஒளிக்க வேண்டும். அதற்கு மறுநாள் மூன்றாமவர். அப்புறம் நாலாமவர். நானும் தொழில் ரகசியம் காத்து, ஒருவர் விஷயத்தை மற்றவரிடம் சொல்லாமல் ஒவ்வொன்றாக ஒளித்தேன். ஞாயிற்றுக்கிழமை ஐந்தாமவர் ஓடி வந்தார். ஊருக்குப் போய் அன்றைக்குத்தான் திரும்பியிருக்கிறார். கருவியை மேஜைமேல் வைத்து மூச்சிரைக்கச் சொன்னார்: "எங்க ரூம்ல ஆடுற அம்புட்டு கேமும் களவு போயிட்டு அண்ணாச்சி, இவனுவ நாலு பேரும் ஒண்ணும் தெரியாத மாதிரி இருக்கானுவ!"

அழகு பார்த்தது

இனிச் சிரிக்க முடியாத இடம். மாசம் முடிய இரண்டே நாள். அதுவரை ஒரு பராதியும் இல்லை.

கோட்டைத் தெருவிலிருந்து அலமேலு மாமி வந்தார். அறுபத்தெட்டு வயது. மகன் வெளிநாட்டிலிருந்து வாங்கி அனுப்பிய கருவியில் மூன்று வருஷமாக ஒரே ஒரு விளையாட்டு. தோட்டம் போட்டு, தண்ணீர் விட்டு, பசு வளர்க்கிற விளையாட்டு. பசுவின் பெயர் கோமு. மாமி கேட்டதெல்லாம் எழுத்துப் பெரிதாகத் தெரிய வேண்டும் என்பதுதான். அதை மட்டும் செய்துவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டிருக்கலாம். கை சும்மா இருக்காதே! கார்டில் அந்தத் தோட்டமே பதினாலு பிரதி இருந்தது. பெயரெல்லாம் சீன எழுத்து. பதின்மூன்றைக் கழித்துவிட்டு, மிஞ்சிய ஒன்றுக்குத் தமிழில் 'தோட்டம்' என்று பெயர் வைத்து, பக்கத்தில் ஒரு பூவும் போட்டுக் கொடுத்தேன்.

உங்களில் கைதுறுதுறுப்பு உள்ளவர்கள் கேட்டுக்கொள்ளுங்கள். நாம் ஆடி வைத்ததெல்லாம் தனியாக ஒரு சேமிப்புக் கோப்பில் இருக்கும். விளையாட்டுக்கு என்ன பெயரோ அதே பெயர்தான் அந்தக் கோப்புக்கும். விளையாட்டின் பெயரை மட்டும் மாற்றினால் கருவிக்குப் பழசு எதுவும் அடையாளம் தெரியாது. முதலிலிருந்து ஆரம்பிக்கும்.

மறுநாள் ஐந்து மணிக்கு மாமி திரும்பி வந்தார். கோபம் இல்லை, அதுதான் பயமாக இருந்தது. கருவியை என் பக்கம் திருப்பிக் காட்டினார். வெறும் மண். நடுவில் பெயர் கேட்டு ஒரு கேள்வி. "மூணு வருஷமாத் தெரிஞ்சவாடாப்பா, இன்னிக்கு என் பேரைக் கேக்கறது. கோமுவையும் காணலை" என்றார்.

சஜி கல்லாவிலிருந்து எழுந்து வந்து திரையைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். "மாமியோட பசு கிட்டியில்லேன்னா, பகல் இல்ல அண்ணாச்சி."

பன்னிரண்டாவது தோட்டம்

சேமிப்புக் கோப்புகளை நான் அழிக்கவில்லை என்பது பழவங்காடிப் பிள்ளையார் புண்ணியம். ஆனால் பதினாலு பிரதிக்குப் பதினாலு கோப்பு இருந்தது. மாமியுடையது ஒன்று, மீதியெல்லாம் தொழிற்சாலையில் சோதித்துப் பார்த்தவர்கள் பாதியில் விட்டுப் போனவை. எது எதனுடையது என்று நான் குறித்துவைக்கவில்லை. ஒவ்வொன்றாகப் பெயர் மாற்றித் திறந்து பார்ப்பதைத் தவிர வழியில்லை.

மாமி ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டு உட்கார்ந்தார். முதல் கோப்பைத் திறந்தேன். நாலு கத்தரிச் செடி, வாடித் தொங்குகிறது. "இது நம்மாத்துது இல்லை" என்றார். அடுத்ததற்குப் போக விரலைக் கொண்டுபோனேன். "இருடாப்பா, யார் பெத்த செடியோ, தண்ணியே காட்டலை பாவி" என்று கருவியை வாங்கி நாலு செடிக்கும் தண்ணீர் விட்டுவிட்டுத்தான் கொடுத்தார்.

பதினொரு தோட்டத்துக்கும் இப்படியே. ஒன்றில் கோழிக்குத் தீனி போட்டார். ஒன்றில் வேலி கட்டினார். ஏழரை ஆயிற்று, எட்டு ஆயிற்று. பின்னாலிருந்து எட்டிப் பார்த்துக்கொண்டிருந்த சஜி, "அந்தத் தக்காளிக்குத் தண்ணி விட்டில்லா மாமி" என்று எடுத்துக் கொடுக்க ஆரம்பித்துவிட்டான். லாட்ஜ் மேனேஜர் போன் போட்டார். பசுவைத் தேடிக்கொண்டிருக்கிறேன், வர முடியாது என்று உள்ளதைச் சொன்னேன். என்ன, பசுவா என்று இரண்டு தடவை கேட்டார். பிறகு, "பதினாலு வருஷமா அண்ணாச்சிக்குப் பசு உண்டுன்னு சொல்லவே இல்லியே" என்று வருத்தமாக வைத்துவிட்டார்.

எட்டே கால். பன்னிரண்டாவது கோப்பு. திரை முழுக்கப் பச்சை. வாசலில் கோலம் மாதிரி வரிசையாகப் பூச்செடி. இடது ஓரத்தில் பழுப்பு நிறத்தில் ஒரு பசு மெதுவாக நடந்து வந்து நின்றது. எனக்குக் கண் கலங்கிவிட்டது, உள்ளதைச் சொல்லிவிடுகிறேன். மாமி கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு உற்றுப் பார்த்தார். "ஒரே நாள்ல எப்படி இளைச்சுப் போயிட்டா, பாரு."

பராதி

ஒரு மூச்சு விட்டுவிட்டு, பழைய பெயரை வைத்துக் கோமுவைப் பத்திரப்படுத்திக் கருவியை நீட்டினேன். மாமி வாங்கவில்லை. "இன்னும் ரெண்டு இருக்குன்னியே, அதையும் திற" என்றார். அதில் ஒன்றில் பூசணி காய்ந்து கிடந்தது. தண்ணீர் விட்டார். பிறகு அடுத்த ஆணை வந்தது. பதின்மூன்றும் தனித்தனியாகத் திறக்கும்படி இருக்க வேண்டும். அதாவது, நான் கழித்த பதின்மூன்று பிரதியும் அப்படியே திரும்ப வர வேண்டும். பாத்திரக்கடைக்காரர் என் மனக்கண்ணில் வந்து சிரித்தார். எல்லாவற்றையும் திரும்பப் போட்டு, எதற்கும் இருக்கட்டும் என்று கடைக் கருவி ஒன்றிலும் பிரதி எடுத்து வைத்தேன்.

சஜி வந்து பணிவாகக் கேட்டான்: "மாமி, இது பராதியாணோ? ஒண்ணு சொல்லணும். இவருக்குப் பகல் சீட் குடுக்கலாமா வேண்டாமான்னு இதிலதான் இருக்கு."

மாமி என்னைப் பார்த்தார். பதினாலு வருஷம் வெயில் படாத முகத்தில் என்ன தெரிந்ததோ தெரியவில்லை. கருவியைப் பையில் போட்டுக்கொண்டு எழுந்தார். "பராதி என்ன பராதி? கோமுவை நான் பாத்துப்பேன், மத்த பதிமூணுக்கும் தெனம் காலம்பற தண்ணி விடணும், அதுக்குப் பகல்ல இங்கே ஒரு ஆள் வேண்டாமா?"

இப்போதெல்லாம் ராத்திரி பத்து மணிக்குப் படுத்து, எல்லோரையும் போல எழுந்து, கடை திறந்ததும் கடைக் கருவியில், யாரோ முகம் தெரியாதவர்கள் விட்டுப்போன பதின்மூன்று தோட்டங்களுக்கு வரிசையாகத் தண்ணீர் விடுகிறேன், இருந்தும் அவற்றைப் பெயர் மாற்றி அழகாக அடுக்கி வைக்க என் கை ஊறுவது மட்டும் இன்னும் நிற்கவில்லை.