நாலாவது ரீலில் முசேவின் முகம்

அன்று மத்தியானக் காட்சிக்கு வந்தவர்கள்: முசே. அவர் பெண்சாதி, தலையில் முக்காட்டோடு. அவள் தம்பி, மில்லிலிருந்து நேராக, முடியில் பஞ்சோடு. வெயிலுக்கு ஒதுங்கிய இரண்டு மீன்காரிகள். டிக்கெட் கொடுத்துவிட்டு உள்ளே வந்து உட்கார்ந்த கொட்டகை முதலாளி. படம் ஓட்டுகிற மெஷின் பக்கத்தில் நான்.

முசே என்றால் பிரெஞ்சில் ஐயா; ஊரே அவரை அப்படித்தான் கூப்பிட்டது. வெள்ளைக்காரர். பிரெஞ்சுக்காரர் இல்லை. ஜார்ஜியா என்று ஒரு மலைநாடு, அந்த ஊர்க்காரர். அங்கே சினிமாவில் நடித்தவர். குதிரை ஏறத் தெரியும் என்று முதலில் எடுத்தார்களாம். பிறகு முகத்துக்காக வைத்துக்கொண்டார்களாம். ருஷ்யப் பட்டாளம் வந்ததும் பாரிசுக்கு ஓடினார். அங்கேயும் நடித்தார். கொள்ளைக்காரனோ ராஜகுமாரனோ, கடைசியில் சாகிற வேஷம். பிறகு படம் பேச ஆரம்பித்தது. அவர் பேசுகிற பிரெஞ்சு அங்கே எடுபடவில்லை. கப்பல் வேலைக்கு வந்து, காய்ச்சலோடு புதுச்சேரியில் இறங்கினார். அப்படியே தங்கிவிட்டார். கப்பல் சரக்கு இறங்குகிற கடல் பாலத்தில் மூட்டைக்குக் குறி போடுகிற வேலை. வேதக்காரத் தையல்காரி ஒருத்தியைக் கட்டிக்கொண்டார்.

நடிகர் என்பதை யாரும் நம்பவில்லை. மச்சினன் தெருவில் வைத்தே கேட்பான்.

"மச்சான், இன்னிக்கு ராஜா வேஷமா, மூட்டை வேஷமா?"

அவர் சிரிப்பார். பெண்சாதி சிரிக்க மாட்டாள்.

எங்கள் தகரக் கொட்டகையில் அப்போதும் ஊமைப்படம்தான். ஒரு பழைய பாரிசுப் படத்துக்கு நோட்டீசு ஒட்டினோம். மறுநாளே முசே வந்தார். நெஞ்சு இருமல் அப்போதே உண்டு.

"பாய், இதுல நான் இருக்குது. நாலாவது ரீல். குதிரை வருது. எறங்குது. தொப்பி எடுக்குது. அப்புறம் செத்துப்போவுது."

"அவ்ளோதானா முசே?"

"அவ்ளோதான். ஆனா தொப்பி எடுத்தா முகம் பெரிசு. அவ ஒரு தடவை பாக்கணும்."

அவள் சினிமா பார்த்ததே இல்லை. அது பாவம் என்று மாதாகோயில் சாமியார் சொல்லியிருந்தார். முசேவுக்காக வருவதாக ஒத்துக்கொண்டாள்.

படப்பெட்டி ரயிலில் வந்தது. ஓட்டுவதற்கு முன்னால் பிலிமை விரலிடுக்கில் விட்டுப் பார்ப்பது என் வேலை. ஓரத்து ஓட்டை கிழிந்திருந்தால் அந்தத் துண்டை வெட்டிவிட்டு, இரண்டு பக்கத்தையும் ஒட்டுவேன். இல்லாவிட்டால் மெஷினில் சிக்கும், தீ பிடிக்கும். விரல்தான் பார்க்கும், கண் பார்க்காது. அன்றும் முதலாளியோடு பேசிக்கொண்டே வெட்டினேன்.

நாலாவது ரீல் ஓடியது. குதிரை வந்தது. முசே நாற்காலியில் நிமிர்ந்தார். பெண்சாதியின் கையைத் தொட்டார். குதிரையில் இருந்தவன் இறங்கினான். அடுத்த நொடி தரையில் குப்புறக் கிடந்தான். முகம் வரவில்லை.

"எங்க?" என்றாள் அவள்.

மச்சினன் சத்தமாகவே சொன்னான். "குப்புறக் கெடந்தா யாரு வேணா மச்சான். நானும்தான்."

மீன்காரிகள் சிரித்தார்கள்.

விளக்குப் போட்டதும் முசே என்னிடம் வந்தார். "படம் பழசு, பாய்" என்றார். எனக்கே ஆறுதல் சொல்கிற மாதிரி. நான் தலையாட்டினேன்.

மறுநாள் காலை வெட்டுத்துண்டு போடுகிற தகர டப்பாவைக் கவிழ்த்தேன். இரண்டு முழத்துக்குக் கொஞ்சம் குறைவான துண்டு. வெளிச்சத்தில் பிடித்தேன். தொப்பி கையில். முகம். இளம் வயது. அவரேதான்.

பெட்டி அதற்குள் விழுப்புரம் போய்விட்டது. துண்டையாவது கொண்டுபோய்க் கொடுத்திருக்கலாம். வெட்டியது நான் என்று சொல்ல வாய் வரவில்லை. நாளைக்கு நாளைக்கு என்று இருந்தேன். பாலத்துப் பக்கம் போவதையும் விட்டேன்.

ஐப்பசி மழையில் முசே செத்துப்போனார். கல்லறை வரைக்கும் போனேன். மச்சினன் அழுதான்.

அடுத்த வாரம் துண்டை எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போனேன். தையல் மெஷின் முன்னால் உட்கார்ந்திருந்தாள். நடந்ததைச் சொன்னேன். அவள் திட்டவில்லை. துண்டை வாங்கி ஜன்னலில் பிடித்தாள். ரொம்ப நேரம் பார்த்தாள்.

"அவுரு இருக்கறப்போ குடுத்திருக்கலாமே, பாய்."

"ஆமாம்மா."

"எல்லாக் கட்டத்துலயும் இவுரேதானா?"

"எல்லாத்துலயும்."

கட்டம் கட்டமாக விரல் வைத்து எண்ணினாள். ஒரு தடவை தப்பியது. முதலிலிருந்து எண்ணினாள்.

நாற்பத்தொன்று.