மௌரீன் நடத்திய மேல்முறையீடு

மௌரீன், தங்கவயல் சுரங்கத் தொழிலாளி சாமுவேலின் மகள். ஆனேக்கல் பால்ராஜை மணந்தது 2005இல். மகள் மோனிகா பிறந்தது 2006 அக்டோபர் 14. தம்பதியர் பிரிந்தது 2014 ஜூன் மாதம்; மகளைத் தந்தை வைத்துக்கொண்டார். 2017இல் பெங்களூரு குடும்ப நீதிமன்றமும் அவரிடமே விட்டது. மௌரீன் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்தார்.

குடும்ப நீதிமன்றத்துக்கு மூன்று ஆண்டுகள் நடையாய் நடந்ததில் அவருக்குப் படிந்த பழக்கம் ஒன்று. வாசலில் டவாலி இரு தரப்புப் பெயரையும் உரக்கக் கூவுவார். கேட்டதும் உள்ளே போய் நிற்க வேண்டும். ஒரு முறைகூட அவர் தவறியதில்லை.

2019 நவம்பரில், ஹெப்பகோடியில் தாம் வேலை செய்த கம்பெனியில் விடுப்புச் சொல்லிவிட்டு, உயர் நீதிமன்றக் கூடத்தின் கடைசி பெஞ்சில் வந்து உட்கார்ந்தார். அது நீதிமன்றம் கொடுத்திருந்த இறுதி வாய்ப்பு என்று அவரிடம் யாரும் சொல்லியிருக்கவில்லை. ஆங்கிலத்தில் எண்களாக வாசித்துக்கொண்டே போனார்கள். ஓர் எண்ணுக்கு மட்டும் யாரும் எழவில்லை. நீதிபதி இரண்டு வாக்கியம் சொன்னார். அடுத்த எண் வந்தது. மௌரீன் தம் பெயருக்காகக் காது கொடுத்துக் காத்திருந்தார். உணவு இடைவேளைக்கு எல்லோரும் எழுந்த பிறகு, வக்கீல் பக்தவச்சலத்துக்குப் போன் செய்தார்.

"தள்ளுபடி ஆயிடுச்சும்மா. இப்பதான் பார்த்தேன். நான் ஆனேக்கல் கோர்ட்ல மாட்டிக்கினேன்."

"நான் இங்கயேதான் சார் குந்தினு இருக்கேன். என் பேரக் கூப்புடவே இல்லியே."

"ஹைகோர்ட்ல பேரு சொல்லி யாரும்மா கூப்புடுவாங்க? நம்பர்தான். எழுந்து நின்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா தள்ளி வெச்சிருப்பாங்க."

"நம்பர்னு நீங்க சொல்லலியே சார்."

"இவ்ளோ வருஷமா கோர்ட்டுக்கு அலையிற. இதுகூடவா நான் சொல்லணும்?"

வழக்கை மீண்டும் எடுக்கக் கோரி மனுப் போட்டார்கள். மனுவில் குறைகள் இருப்பதாக அலுவலகம் திருப்பியது, தொற்றுக்காலம் வந்தது, பக்தவச்சலம் திருத்தவேயில்லை. 2022இல் அந்த மனுவும் நடத்த ஆளின்றித் தள்ளுபடியானது. மௌரீனுக்கு அது தெரியவந்தது அடுத்த ஆண்டு, வேறு வக்கீலிடம் போன பிறகு. அந்த வக்கீல் புது மனுவுக்குத் தாள்களைத் திரட்டி முடிப்பதற்குள் மோனிகாவுக்குப் பதினெட்டு நிறைந்தது. இனி யாரிடம் யாரை ஒப்படைப்பது என்ற கேள்வியே சட்டத்தில் இல்லை.

மௌரீன் ஆனேக்கலுக்குப் போனார். மோனிகா உட்காரச் சொல்லித் தண்ணீர் கொடுத்தாள். பிறகு தன் போனில் ஒரு பக்கத்தைக் காட்டினாள். 2019ஆம் ஆண்டு உத்தரவு.

"அப்பா அனுப்பினாரு. மேல்முறையீடு செஞ்சவங்களுக்கு வழக்க நடத்த அக்கறை இல்லன்னு ஜட்ஜே எழுதியிருக்காரு. நீங்க வரவே இல்லியாமே?"

"வந்தேன்மா. கடைசி பெஞ்சுல உக்காந்திருந்தேன்."

"உக்காந்திருந்தும் எந்திரிக்கலையா?"

எண், பெயர், டவாலி என்று சொல்லத் தொடங்கிய மௌரீன், பாதியில் நிறுத்திவிட்டார். சொல்லச் சொல்ல அது தமக்கே ஒரு சாக்காகக் கேட்டது. மோனிகா வாசல்வரை வந்தாள். அம்மா என்று கூப்பிடவில்லை.

பதினெட்டு ஆண்டுகளில் மகள் அவருடன் இருந்தது ஏழு ஆண்டு, எட்டு மாதம். இல்லாதது பத்து ஆண்டு, நான்கு மாதம்.